கறுப்பு அங்கியும் லயத்துப் பெண்ணும்



வெடி விபத்துகளில் உயிரிழந்த நம் தொழிலாளர்களின் நினைவாக நடக்கும் உரை இது. இதற்குத் தீவுகளின் முதல் பெண் வழக்கறிஞர்கள், நீதிபதிகள் பற்றிய வரலாற்றைத் தேர்ந்தெடுத்தபோது எங்கள் கூட்டத்திலேயே ஒரு தோழர் கேட்டார்: "கடலே இல்லாத சிவகாசிக்கும் தீவுக்கும் என்ன சம்பந்தம்?" நியாயமான கேள்வி. முதலில் அதற்குப் பதில் சொல்லிவிடுகிறோம்.

நம் தெருக்களில் வயதானவர்களிடம் பேசிப் பாருங்கள். "எங்க தாத்தா கண்டிக்குப் போனவரு", "எங்க அப்பத்தா கொழும்புல பொறந்தவ" என்ற பேச்சு எங்காவது ஒரு வீட்டில் கேட்கும். இன்றைய விருதுநகர் மாவட்டப் பகுதி 1910 வரை பெரும்பாலும் திருநெல்வேலி மாவட்டத்திலும், அதன்பின் 1985 வரை இராமநாதபுரம் மாவட்டத்திலும் இருந்தது. இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களுக்குக் கங்காணிகள் ஆள் பிடித்த ஊர்களில் இந்த வானம் பார்த்த பூமியும் ஒன்று. போனவர்களில் பெரும்பகுதி பள்ளர், பறையர், அருந்ததியர். பஞ்சம் ஒரு பக்கம் துரத்தியது, சாதி இன்னொரு பக்கம் துரத்தியது. மண்டபம் முகாமில் அடைத்து வைத்து, ஊசி போட்டு, கப்பலேற்றினார்கள். தோட்டத்தில் வரிசை வரிசையாகக் கட்டிய ஒற்றை அறை வீடுகளுக்கு லயம் என்று பெயர். கடனை அடைத்தால்தான் வேறு தோட்டத்துக்குப் போகலாம் என்று ஆளைக் கட்டிப்போட்ட துண்டுச் சீட்டு முறை 1921இல்தான் ஒழிந்தது.

போனவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் நம் பக்கத்தில்தான் இருக்கிறார்கள். ஊருக்கு ஊர் 'சிலோன் காலனி' என்று வழங்கும் தெருக்கள், குல்லூர்சந்தை, ஆனைக்குட்டம், மொட்டமலை முகாம்கள் என எல்லாம் அந்தத் தீவின் வரலாறுதான். ஆகவே தீவின் நீதிமன்றத்தில் யார் பேசினார்கள், யாருக்காகப் பேசினார்கள் என்பது நம் வீட்டுக் கதை.

நாங்கள் சொல்ல வந்தது ஒன்றே ஒன்று. நீதிமன்றத்தின் கதவு பெண்ணுக்குத் திறந்த நாளும், அந்தக் கதவு நம் பெண்ணுக்குத் திறந்த நாளும் ஒன்றல்ல. முதல் நாளை வரலாறு குறித்து வைத்திருக்கிறது. இரண்டாவது நாளை நாம்தான் குறிக்க வேண்டும்.

ஒரே ஆண்டில் இரண்டு சட்டங்கள்

பெண் வழக்கறிஞர் ஆகலாமா என்ற கேள்வி, நூறாண்டுகளுக்கு முன்பு "பெண் ஓர் ஆளா?" என்ற கேள்வியாகத்தான் நீதிமன்றங்களுக்கு வந்தது. 1913இல் இங்கிலாந்தில் க்வினெத் பெப் என்ற பெண் வழக்குப் போட்டார். சட்டத்தில் உள்ள 'நபர்' என்ற சொல் இந்தத் தொழிலைப் பொறுத்தவரை பெண்ணைக் குறிக்காது என்று நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். 1919இல் நாடாளுமன்றம் தனிச் சட்டம் போட்ட பிறகே அங்கே கதவு திறந்தது.

இங்கும் அதே கதைதான். 1916இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் ரெஜினா குஹாவைத் திருப்பி அனுப்பியது. 1921இல் பாட்னா உயர் நீதிமன்றம் சுதான்சுபாலா ஹஸ்ராவைத் திருப்பி அனுப்பியது. சட்டத்தில் 'அவன்' என்று இருந்தால் அது 'அவளை'யும் குறிக்கும் என்று பொதுவிதி ஒன்று இருந்தது. பெண்ணுக்குத் தண்டனை கொடுக்கும்போது அந்த விதி வேலை செய்தது. பெண்ணுக்கு அங்கி கொடுக்க வேண்டிய இடத்தில் வேலை செய்யவில்லை. அதே 1921இல் அலகாபாத் உயர் நீதிமன்றம் கார்னிலியா சொராப்ஜியைப் பதிவு செய்துகொண்டது. ஆக்ஸ்ஃபோர்டில் சட்டம் படித்த முதல் பெண் அவர். படித்து முடித்து ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் கழித்துத்தான் அந்தப் பதிவு கிடைத்தது. எல்லா மாகாணங்களுக்கும் பொதுவாக, பெண் என்ற காரணத்தால் மட்டும் யாரையும் வழக்குத் தொழிலிலிருந்து விலக்கக்கூடாது என்ற சட்டம் 1923இல் வந்தது.

தங்கைகளே, இந்த 1923 என்ற ஆண்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அதே ஆண்டில் இன்னொரு சட்டமும் வந்தது. அது தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம். வேலையில் விபத்து நடந்து ஒருவர் இறந்தால், அவரை நம்பியிருந்த மனைவி மக்களுக்கு முதலாளி இழப்பீடு தர வேண்டும் என்று சொன்ன சட்டம். நம் பட்டாசுப் பகுதியில் சட்டம் என்றாலே பலருக்கு முதலில் ஞாபகம் வருவது இதுதான்.

ஒரு சட்டம் படித்த பெண்ணை நீதிமன்றத்துக்குள் வழக்கறிஞராக அனுமதித்தது. இன்னொரு சட்டம் கணவனை இழந்த தொழிலாளப் பெண்ணை வழக்காட வந்தவளாக நீதிமன்ற வாசலில் நிறுத்தியது. அந்த இருவரும் ஒரே மேசையில் சந்தித்திருக்க வேண்டும். எப்போது சந்தித்தார்கள்?

கொழும்பில் திறந்த கதவு

இலங்கையிலும் இரண்டு சட்டங்கள் ஒன்றையொன்று ஒட்டித்தான் வந்தன. வழக்குத் தொழிலில் பெண்களுக்கு இருந்த தடையை நீக்கும் கட்டளைச் சட்டம் 1933இல் வந்தது. அதன் எண் 25. தொழிலாளர் இழப்பீட்டுக் கட்டளைச் சட்டம் 1934இல் வந்தது. அதன் எண் 19.

அந்த ஆண்டுகளில் இரண்டு பெயர்கள் முன்னுக்கு வருகின்றன. ஒருவர் அவாபாய் மேத்தா. 1913இல் கொழும்பில் பார்சிக் குடும்பத்தில் பிறந்து, லண்டனில் படித்து, இங்கிலாந்தின் பாரிஸ்டர் தேர்வில் வென்ற முதல் இலங்கைப் பெண். பின்னர் அவாபாய் வாடியா என்ற பெயரில் பம்பாய்க்கு வந்து, 1949இல் இந்தியக் குடும்பக் கட்டுப்பாட்டுச் சங்கத்தை உருவாக்கியவர்களில் முதன்மையானவராக அறியப்பட்டார். இன்னொருவர் எஸ்லின் தெரணியகல. இலங்கையின் முதல் பெண் பாரிஸ்டர் என்று போற்றப்படுபவர். 1958 முதல் 1964 வரை அனைத்துலகப் பெண்கள் கூட்டணியின் தலைவராக இருந்தவர்.

இவர்களைக் குறைத்துப் பேச நாங்கள் வரவில்லை. ஆண்கள் மட்டுமே நின்ற இடத்தில் முதலில் போய் நிற்பதற்குத் துணிவு வேண்டும். ஆனால் அவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். லண்டனுக்குக் கப்பல் கட்டணம் கட்டக்கூடிய வீடுகள் அவை. அதே கடலில், எதிர்த் திசையில், தளத்தில் உட்கார்ந்து வந்தவர்கள் நம் பாட்டிமார். அவர்களுடைய கப்பல் கட்டணம் கடனாக எழுதப்பட்டது. அந்தக் கடனை அடைக்க மலையில் கொழுந்து பறித்தார்கள்.

முல்லோயாவில் ஒரு மனைவி

1940 ஜனவரி 10. கண்டிக்கு அருகே முல்லோயா தோட்டத்தில் கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம். போலீஸ் சுட்டது. கோவிந்தன் என்ற தொழிலாளி செத்தார். மலையகத் தமிழரின் போராட்ட வரலாறு அவரிடமிருந்துதான் தன் தியாகிகளை எண்ணத் தொடங்குகிறது.

துப்பாக்கிச் சூட்டை விசாரிக்க ஆணையம் அமைத்தார்கள். அந்த ஆணையத்தின் முன் கோவிந்தனின் மனைவிக்காக வாதாடியவர் கொல்வின் ஆர். டி சில்வா, லங்கா சமசமாஜக் கட்சியின் தலைவர்களில் ஒருவர். சிங்களவர், படித்தவர், இடதுசாரி. தன் இனமும் இல்லை, தன் வர்க்கமும் இல்லை என்று ஒதுங்காமல் லயத்துப் பெண்ணுக்காக எழுந்து நின்றார். அதை நாம் நன்றியோடு சொல்ல வேண்டும்.

ஆனால் இரண்டு விஷயங்களைக் கவனியுங்கள். பெண்கள் வழக்கறிஞராகலாம் என்ற சட்டம் வந்து ஏழு ஆண்டுகள் ஆகியிருந்தன. இழப்பீட்டுச் சட்டம் வந்து ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன. அப்படியும் அந்த அம்மாவுக்காகப் பேச ஒரு புரட்சிக்கார ஆண்தான் வர வேண்டியிருந்தது. இரண்டாவது, அந்த அம்மாவைப் பல பதிவுகள் "கோவிந்தனின் மனைவி" என்று சொல்லி நகர்ந்துவிடுகின்றன. இறந்தவனுக்குப் பெயர் உண்டு, வாதாடியவருக்குப் பெயர் உண்டு, வழக்கின் பாரத்தைச் சுமந்தவளுக்கு உறவுமுறை மட்டும்தான். நம் ஊர் வெடி விபத்துச் செய்திகளிலும் இதுதானே நடக்கிறது? இறந்தவர் பட்டியல் வரும். அடுத்து வரும் பத்து ஆண்டுகள் அலுவலகம் அலுவலகமாக அலையப் போகிறவளின் பெயர் எந்தப் பத்தியிலும் வராது.

1948 நவம்பர்

அடுத்த எட்டு ஆண்டுகளில் அந்த அம்மாவின் காலடி நிலமே போய்விட்டது. 1931இல் இலங்கையில் பெண்களுக்கும் சேர்த்து வாக்குரிமை வந்திருந்தது. குடியிருப்பு நிபந்தனைகளுக்கு உட்பட்டு மலையகத் தமிழரும் வாக்களித்தார்கள். 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களில் வென்றது. தொழிலாளியின் வாக்கு ஆட்சியை அசைக்கும் என்று தெரிந்ததும் ஆட்சியாளர்கள் சட்டத்தைக் கையில் எடுத்தார்கள். இலங்கைக் குடியுரிமைச் சட்டம் 1948 நவம்பர் 15இல் நடைமுறைக்கு வந்தது. அடுத்த ஆண்டு தேர்தல் சட்டத்தைத் திருத்தி, குடியுரிமை இல்லாதவருக்கு வாக்கும் இல்லை என்றார்கள். ஏறத்தாழ 7 லட்சம் பேர் நாடற்றவர் ஆனார்கள். வாக்காளர் பட்டியலில் தன் பெயரைச் சேர்க்கச் சொல்லி கோடக்கன் பிள்ளை என்பவர் நடத்திய வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 1953இல் தோற்றது.

அந்தச் சட்டம் கேட்டது என்ன? தந்தை இங்கே பிறந்தவர் என்று காட்டு, இல்லையென்றால் தந்தையின் தந்தையும் தந்தைவழிப் பூட்டனும் இங்கே பிறந்தவர்கள் என்று காட்டு என்றது. தாயின் பக்கம் அது திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பிறப்புப் பதிவே சரியாக இல்லாத லயத்தில், ஆண்வழிக் காகிதம் கேட்டார்கள். கொழுந்து பறித்த கைகளில் பெரும்பாலானவை பெண்களின் கைகள். அந்தக் கைகளைத் தீவு எண்ணிக்கையில் சேர்த்துக்கொள்ளவில்லை.

அதே மாதம் டெல்லியில் நடந்ததையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். 1948 நவம்பர் 29இல் அரசியல் நிர்ணய சபை தீண்டாமையை ஒழிக்கும் பிரிவை ஏற்றுக்கொண்டது. இன்று அது அரசமைப்பின் 17ஆவது உறுப்பு. அன்று அந்தப் பிரிவின்மேல் பேசியவர்களில் ஒருவர் தாட்சாயணி வேலாயுதன், அந்தச் சபையில் இருந்த ஒரே தலித் பெண். அவரும் தீவில் பிறந்தவர்தான். கொச்சிக் காயலில் உள்ள முளவுகாடு என்ற தீவில் 1912இல் புலையர் குடும்பத்தில் பிறந்தார். அடுத்த ஆண்டு அவருடைய சாதி மக்கள் எர்ணாகுளத்தில் மாநாடு கூட்ட நினைத்தபோது கரையில் இடம் தர யாரும் இல்லை. படகுகளைச் சேர்த்துக் கட்டி, காயலின் மேலேயே மாநாடு நடத்தினார்கள். கரையில் நிற்கக்கூட விடப்படாத வீட்டிலிருந்து வந்த பெண், முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்து ஒரு நாட்டின் சட்டத்தை எழுதும் இடத்தில் உட்கார்ந்தார்.

இரண்டு வாரங்களில் இரண்டு நிகழ்வுகள். ஒரு தீவு நம் பெண்களைச் சட்டத்துக்கு வெளியே தள்ளியது. இன்னொரு தீவில் பிறந்த நம் பெண் சட்டத்தின் உள்ளே நம்மை எழுதி வைத்தார். அவர் வழக்கறிஞர் அல்ல, ஆசிரியராக இருந்தவர். ஆனால் சட்டத்துக்கும் பெண்ணுக்குமான வரலாற்றை அங்கி அணிந்தவர்களை மட்டும் வைத்து எழுதினால் தாட்சாயணி விடுபட்டுப் போவார். அன்னை மீனாம்பாளும் விடுபட்டுப் போவார். கடல்தாண்டிப் போன குடும்பத்தில் ரங்கூனில் 1904இல் பிறந்து, பட்டியல் சாதியினர் கூட்டமைப்பின் தலைவராக அண்ணலோடு மேடையேறிய மீனாம்பாள் சிவராஜ், சென்னையில் பல ஆண்டுகள் கௌரவ மாஜிஸ்திரேட்டாக அமர்ந்தவர். முதல் பெண் நீதிபதிகள் என்று பட்டியல் போடும் எத்தனை பேருக்கு இது நினைவில் இருக்கிறது?

தந்தை, மகள், தலைமை நீதிபதி

1964 அக்டோபர் 30இல் சிறிமாவும் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டார்கள். 9,75,000 பேரைக் கணக்குப் போட்டு, இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, மீதி 1,50,000 பேரைப் பிறகு பேசிக்கொள்ளலாம் என்று பிரித்தார்கள். அந்த மீதியையும் 1974இல் பாதிப் பாதியாக்கினார்கள். அந்த மக்களிடம் யாரும் கேட்கவில்லை. திரும்பி வந்தவர்களில் சிலர் ஊட்டியின் அரசுத் தேயிலைத் தோட்டங்களுக்கும், சிலர் நூற்பாலைகளுக்கும், சிலர் நிக்கோபாரின் கச்சால் தீவு ரப்பர் தோட்டத்துக்கும் அனுப்பப்பட்டார்கள். ஒரு தீவிலிருந்து இன்னொரு தீவு. அங்கேயே தங்கிவிட்டவர்களில் நாடற்றவராக எஞ்சியிருந்தவர்களுக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் குடியுரிமை கிடைத்தது. 1948இலிருந்து எண்ணினால் 55 ஆண்டுகள்.

இதற்கிடையே தீவின் நீதித்துறையில் பெண்கள் ஏறினார்கள். ஷிராணி திலகவர்தன உயர் நீதிமன்றத்திலும் மேன்முறையீட்டு நீதிமன்றத்திலும் அமர்ந்த முதல் பெண் ஆனார். 1996இல் ஷிராணி பண்டாரநாயக்க உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி ஆனார். அவர் வழக்காடு மன்றத்திலிருந்து வரவில்லை, பல்கலைக்கழகத்திலிருந்து வந்தவர். அந்த நியமனத்தை எதிர்த்து அதே நீதிமன்றத்திலேயே வழக்குப் போட்டார்கள். தாண்டி வந்தார். 2011இல் முதல் பெண் தலைமை நீதிபதி ஆனார். அடுத்த ஆண்டு, மாகாண சபைகளின் அதிகாரத்தைத் தொடும் 'திவிநெகும' மசோதாவுக்கு அந்தச் சபைகளின் ஒப்புதல் வேண்டும் என்று அவருடைய நீதிமன்றம் சொன்னது. உடனே பதவிநீக்கத் தீர்மானம் வந்தது. விசாரணை செல்லாது என்று நீதிமன்றங்கள் சொல்லியும், 2013 ஜனவரி 11இல் 155க்கு 49 என்ற வாக்கில் நாடாளுமன்றம் தீர்மானத்தை நிறைவேற்றியது. இரண்டு நாளில் அவர் வெளியேற்றப்பட்டார். 2015 ஜனவரியில் ஆட்சி மாறிய பின் மீண்டும் நாற்காலியில் அமர்ந்து, மறுநாளே ஓய்வு பெற்றார்.

இதிலிருந்து மாணவர்கள் ஒரு பாடம் எடுத்துக்கொள்ளலாம். 'முதல் பெண்' என்பதை அலங்காரமாக வைத்துக்கொள்ள அதிகாரத்துக்குச் சம்மதம்தான். அந்தப் பெண் தீர்ப்புச் சொல்லத் தொடங்கும்போதுதான் சிக்கல்.

இன்னொரு பெயர் மனோரி முத்தெட்டுவேகம. முல்லோயாவில் கோவிந்தனின் மனைவிக்காக வாதாடிய கொல்வினின் மகள். 1994இல் இலங்கையில் காணாமல் ஆக்கப்பட்டோர் பற்றி விசாரிக்க மூன்று ஆணையங்கள் அமைக்கப்பட்டபோது, மேல், தென், சப்ரகமுவ மாகாணங்களுக்கான ஆணையத்துக்கு அவர் தலைவர். ஊர் ஊராகப் பெண்கள் வந்து, "என் மகனைக் கூட்டிப்போனார்கள், திரும்பவில்லை" என்று சொன்னதைப் பதிவு செய்தார். 2016இல் நல்லிணக்கப் பொறிமுறைகளுக்கான மக்கள் கருத்தறியும் செயலணிக்கும் அவரே தலைவர். தந்தை ஒரு கணவனை இழந்தவளுக்காகப் பேசினார். மகள் உட்கார்ந்து, அப்படிப்பட்ட ஆயிரக்கணக்கானவர்களைப் பேச விட்டுக் கேட்டார். அங்கி அணிந்த பெண்ணும் வாசலில் நின்ற பெண்ணும் நேருக்கு நேர் பார்த்துக்கொண்ட இடங்களில் அதுவும் ஒன்று.

ஒப்பந்தக் கூலிகளின் பேத்திகள்

நம் மக்கள் போன கடல்வழிகள் இலங்கையோடு நிற்கவில்லை. பிஜித் தீவுகளுக்கு 1879 முதல் 1916 வரை ஒப்பந்தக் கூலிகளாக 60,000க்கும் மேற்பட்ட இந்தியர்கள் கொண்டுபோகப்பட்டார்கள். 1903 முதல் சென்னைத் துறைமுகத்திலிருந்தும் கப்பல்கள் போயின. கரும்புக் காட்டில் அடியும் உதையும் பட்ட அந்தச் சமூகத்திலிருந்து நஸ்ஹத் ஷமீம் 1999இல் பிஜி உயர் நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியாக வந்தார்.

தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு முதல் கூலிக் கப்பல் 1860இல் சென்னையிலிருந்துதான் போனது. அந்த டர்பனில், தமிழ் வம்சாவளியில், ஒரு பேருந்து ஓட்டுநரின் மகளாக 1941இல் பிறந்தவர் நவநீதம் பிள்ளை. சட்டம் படித்து முடித்ததும் அவரை வேலைக்கு எடுக்க நிறுவனம் கிடைக்கவில்லை. 1967இல் தானே அலுவலகம் திறந்தார். நேட்டாலில் அப்படித் திறந்த, வெள்ளையரல்லாத முதல் பெண் அவர். 1973இல் அவர் நடத்திய வழக்கால், ராபன் தீவுச் சிறையில் இருந்த அரசியல் கைதிகளுக்கு, நெல்சன் மண்டேலா உட்பட, வழக்கறிஞரைச் சந்திக்கும் உரிமை கிடைத்தது. பிறகு ருவாண்டா இனப்படுகொலையை விசாரித்த அனைத்துலகத் தீர்ப்பாயத்தில் நீதிபதி ஆனார். 1998இல் அக்கயேசு வழக்கில், பாலியல் வன்கொடுமையும் இனப்படுகொலையின் கருவியாக இருக்க முடியும் என்று அந்தத் தீர்ப்பாயம் முதன்முதலாகச் சொன்னது. அந்த ஆயத்தில் இருந்த ஒரே பெண் நீதிபதி அவர்தான். தொடக்கக் குற்றப்பத்திரிகையில் அந்தக் குற்றச்சாட்டே இல்லை. சாட்சி சொல்ல வந்த பெண்கள் தங்களுக்கு நேர்ந்ததைச் சொன்னார்கள். கேட்கத் தெரிந்த ஒருவர் எதிரே உட்கார்ந்திருந்தார். பிறகுதான் குற்றப்பத்திரிகை திருத்தப்பட்டது.

பெண் நீதிபதி எதற்கு, சட்டம் எல்லோருக்கும் ஒன்றுதானே என்று கேட்பவர்களுக்கு இந்த வழக்கு ஒன்றே போதும். சட்டம் ஒன்றாக இருக்கலாம். கேட்கும் காது ஒன்றல்ல.

நம் கரையில்

இனி நம் கரைக்கு வருவோம். திருவிதாங்கூரில் அன்னா சாண்டி 1937இல் முன்சீஃப் ஆனார், 1959இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதி ஆனார். பத்தனம்திட்டாவில் பிறந்த பாத்திமா பீவி 1989இல் உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி ஆனார். பின்னர் அவர் தமிழ்நாட்டின் ஆளுநராக இருந்ததை மட்டும் நாம் நினைவில் வைத்திருக்கிறோம். 1991இல் கர்நாடகத்தின் பட்டியல் சாதி, நலிந்த பிரிவினர் நலச் சங்கம் தொடுத்த வழக்கில் அவர் தந்த தீர்ப்பை மறந்துவிட்டோம். குடிசைப் பகுதி என்று அறிவித்த இடத்தை, அங்கே வாழும் மக்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் அரசு தன் விருப்பத்துக்கு மாற்ற முடியாது என்று சொன்ன தீர்ப்பு அது. மேலே போன பெண் கீழே இருப்பவரின் குரலைக் கேட்ட தருணம்.

ஆனால் கணக்கையும் பாருங்கள். 1950இலிருந்து 2021 வரை உச்ச நீதிமன்றத்துக்கு வந்த பெண் நீதிபதிகள் 11 பேர். அவர்களில் ஒருவர்கூடத் தலித் பெண் இல்லை. தலித் ஆண் என்று பார்த்தாலும், நம் தமிழ்நாட்டைச் சேர்ந்த ஏ. வரதராஜன் 1980இல்தான் முதன்முதலாக அங்கே அமர்ந்தார். உயர் நீதிமன்றத்திலும் உச்ச நீதிமன்றத்திலும் இடஒதுக்கீடு கிடையாது. கீழமை நீதிமன்றங்களில் இருக்கிறது. அதன் பலனைக் கண்ணால் பார்க்கிறோம். 2024இல் ஜவ்வாது மலைப் பகுதியின் பழங்குடிப் பெண் ஒருவர், பிள்ளை பெற்ற இரண்டே நாளில் போய் எழுதிய தேர்வில் வென்று, உரிமையியல் நீதிபதிப் பதவிக்குத் தேர்வானார். திறமை இல்லாததால் நம் பிள்ளைகள் மேலே போகவில்லை என்று இனி யாரும் சொல்ல வேண்டாம். கதவு இருக்கும் இடத்தில் நுழைகிறார்கள். கதவே இல்லாத இடத்தில்தான் காணவில்லை.

சிவகாசியின் பெயர் சட்டப் புத்தகங்களில் ஏற்கெனவே இருக்கிறது. எம்.சி. மேத்தா வழக்கில் 1996 டிசம்பர் 10இல் உச்ச நீதிமன்றம், குழந்தையை வேலைக்கு வைத்த முதலாளி ஒரு குழந்தைக்கு 20,000 ரூபாய் நல நிதிக்குக் கட்ட வேண்டும், அந்தக் குழந்தைக்குப் பதிலாக வீட்டில் பெரியவர் ஒருவருக்கு வேலை கிடைக்கச் செய்ய வேண்டும் என்றது. நம் தீப்பெட்டி, பட்டாசு ஆலைகளில் இருந்த நம் குழந்தைகளைப் பற்றிய வழக்கு. நல்ல வழக்கு. ஆனால் மனுதாரர் டெல்லி வழக்கறிஞர். நம் தாய்மார் அந்த வழக்கின் பொருளாக இருந்தார்கள், வழக்காடியவர்களாக இல்லை.

இன்றும் நிலை என்ன? 2012 செப்டம்பர் 5 முதலிப்பட்டி, 2021 பிப்ரவரி 12 அச்சங்குளம் என்று தேதிகளை நாம் மனப்பாடமாகச் சொல்வோம். ஒவ்வொரு தடவையும் அதே கதை. உரிமம் ஒருவர் பெயரில், ஆலையை நடத்துவது உள்குத்தகைக்கு எடுத்த இன்னொருவர். மருந்து செலுத்தியவரின் பெயர் வருகைப் பதிவேட்டில் இருக்காது. பிணவறை வாசலில், அழுதுகொண்டிருக்கும் பெண்ணிடம், ஒரு தொகையைச் சொல்லிக் கையெழுத்துக் கேட்பார்கள். 1923இன் இழப்பீட்டுச் சட்டம் 2009 திருத்தத்தில் பெயர் மாறியது. சட்டங்கள் இன்னும் மாறலாம். ஆனால் அந்த வாசலில் அவள் பக்கத்தில் நின்று, "அக்கா, கையெழுத்துப் போடாதீங்க, முதல்ல படிச்சுப் பார்ப்போம்" என்று சொல்ல ஒருத்தி வேண்டும். அவளும் அந்தத் தெருவிலிருந்தே வந்திருந்தால், பயப்படாமல் அக்கா அவளை நம்புவாள்.

நாங்கள் மூன்று வேலைகளை முன்வைக்கிறோம்.

முதலாவது, ஆண்டுக்கு ஒரு பட்டாசுத் தொழிலாளியின் மகளையாவது மதுரையிலோ திருநெல்வேலியிலோ அரசு சட்டக் கல்லூரியில் சேர்த்து, படிப்பு முடிந்து அவள் காலூன்றும் வரை உடன் நிற்பது. சேர்த்துவிடுவது எளிது. முதல் மூன்று ஆண்டு வருமானமில்லாமல் தொழிலில் நிற்பதுதான் கடினம். நம் பிள்ளைகள் அங்கேதான் உதிர்கிறார்கள்.

இரண்டாவது, ஒவ்வொரு தொழிலாளியின் வீட்டிலும் வேலைக்குப் போன நாள், ஆலை, வாங்கிய கூலி என்று ஒரு நோட்டுப் புத்தகம். பதிவேட்டில் பெயர் இல்லாதபோது அதுவும் ஒரு சாட்சி. அதோடு, 1987ஆம் ஆண்டுச் சட்ட உதவிச் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி பெண்ணுக்கும், பட்டியல் சாதியினருக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் இலவசச் சட்ட உதவி உரிமை உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூர் நீதிமன்ற வளாகத்துக்குப் போகும் வழியை எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும்.

மூன்றாவது, கண்டிக்குப் போய் வந்த பாட்டிமாரின் கதைகளை அவர்களுடைய சொந்தப் பெயரோடு எழுதி வைப்பது. இன்னொரு "கோவிந்தனின் மனைவி" நம் காலத்தில் உருவாகக்கூடாது.

முடிக்கும் முன் ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்கிறோம். இலங்கையிலிருந்து வந்த பெற்றோருக்கு மண்டபம் முகாமில் பிறந்தவர். நம் பூட்டன் பூட்டிமாரை ஊசி போட்டுக் கப்பலேற்றிய அதே மண்டபம். இந்திய மண்ணில் பிறந்தும் கடவுச்சீட்டு மறுக்கப்பட்டது. அவர் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனார், வழக்கில் வென்றார், 2024 ஏப்ரலில் திருச்சியில் தன் முதல் வாக்கைப் போட்டார். அவர் வழக்கறிஞர் அல்ல, நீதிபதியும் அல்ல. ஆனால் 1948இல் எடுக்கப்பட்ட ஒன்றை, ஒரு நீதிமன்றத்தின் வழியாகத் திரும்ப வாங்கியவர். எங்கள் கணக்கில் அவரும் முன்னோடிதான்.

அங்கி அணிந்தவளும் மனு எழுதியவளும் ஒரே மேசைக்கு வரும் நாளுக்காக வேலை செய்வோம். இந்த மண்ணில் எரிந்துபோன நம் தொழிலாளர்களுக்கு நாம் செலுத்தக்கூடிய அஞ்சலி அதுதான்.